பிடுங்கக் கூடாத செடி: ருவாண்டாவின் காப்பி உழவர்கள்



உழவரின் வாழ்வைப் பற்றிப் பேச வரும்போது நாம் பெரும்பாலும் விளைச்சலையும் விலையையும் சுற்றியே வருகிறோம். அந்த இரண்டுக்கும் முன்னால் நிற்கிற ஒரு கேள்வி உண்டு. தன் நிலத்தில் எதை நடுவது, எதைப் பிடுங்குவது, விளைந்ததை யாரிடம் விற்பது என்பதை முடிவு செய்கிறவர் யார்? இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டு ஒரு நாட்டின் நூறாண்டுக் காலத்தை இன்று உங்களோடு பார்க்க விரும்புகிறேன். அந்த நாடு ருவாண்டா. பயிர், காப்பி.

ருவாண்டாவின் பரப்பு 26,338 சதுர கிலோமீட்டர். தமிழ்நாட்டில் ஐந்தில் ஒரு பங்கு. 2022 கணக்கெடுப்பின்படி அங்கே வாழ்பவர்கள் ஒரு கோடியே முப்பத்திரண்டு லட்சம் பேர். மக்கள் நெருக்கத்தில் ஏறக்குறைய நம்மைப் போலத்தான். ஆனால் நம்மிடம் இருக்கும் சமவெளி அவர்களிடம் மிகக் குறைவு. குன்றுக்குப் பின் குன்றாக நாடு முழுவதும் எழுந்து நிற்கிறது. அந்தச் சரிவுகளில் ஏறத்தாழ 1,400 மீட்டரில் தொடங்கி 2,000 மீட்டர் வரைக்கும் காப்பி விளைகிறது. மேற்கே கிவு ஏரியை ஒட்டிய நியாமாஷேகே, கரோங்கி, ருட்சிரோ மாவட்டங்களும், தெற்கே ஹுயேவும், வடக்கே கக்கென்கேயும் பேர்போன காப்பிப் பகுதிகள்.

குடகிலோ பிரேசிலிலோ இருப்பது போன்ற பெரிய தோட்டங்கள் அங்கே அரிது. ஏறக்குறைய நான்கு லட்சம் குடும்பங்கள் காப்பி வைத்திருக்கின்றன. ஒரு குடும்பத்துக்குச் சராசரியாக இருநூறு மரங்களுக்குள்தான். வீட்டைச் சுற்றி வாழை, அதைத் தாண்டி அவரையும் சர்க்கரைவள்ளியும், ஒரு பக்கம் காப்பி. எல்லாம் சேர்ந்தே ஒரு ஹெக்டேர் வராத நிலம். நாடு முழுவதும் சேர்த்து ஆண்டுக்கு 15 முதல் 20 ஆயிரம் டன் காப்பிக்கொட்டை கிடைக்கிறது. உலகம் விளைவிக்கும் ஒரு கோடி டன்னில் இது ஒரு துளி. இவ்வளவு சிறிய காப்பி நாட்டை நான் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம், ஒரு செடியின் மீது அரசாணையின் கை இவ்வளவு காலம் இவ்வளவு அழுத்தமாக விழுந்து கிடந்த வேறோர் இடத்தை நான் படித்த வரலாறுகளில் காணவில்லை என்பதுதான்.

காப்பி ருவாண்டாவின் சொந்தச் செடி அல்ல. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், அந்தப் பகுதி ஜெர்மனியின் ஆளுகையில் இருந்தபோது, தென்மேற்கு மூலையில் இருக்கும் மிபிரிசி மடத்தில் கத்தோலிக்கத் துறவிகள் அதை நட்டார்கள். இன்றைக்கும் மிபிரிசி என்ற பெயரில் ஒரு ரகம் உண்டு. நெடுங்காலம் காப்பி மடத்துத் தோட்டங்களைத் தாண்டிப் பெரிதாகப் பரவவில்லை. முதல் உலகப் போருக்குப் பின் நாடு பெல்ஜியத்தின் கைக்கு வந்தது. 1928–29இல் கடும் பஞ்சம். அதைத் தொடர்ந்து, 1930களின் முதல் ஆண்டுகளில், பெல்ஜிய நிர்வாகம் காப்பி இயக்கம் ஒன்றைத் தொடங்கியது. ஒவ்வொரு குடும்பத் தலைவனும் இத்தனை மரம் நட்டாக வேண்டும் என்று உத்தரவு போட்டார்கள். நாற்று கொடுத்தார்கள். நட்டானா, களை எடுத்தானா என்று பார்க்க ஆள் அனுப்பினார்கள். தவறினால் தண்டம், பல இடங்களில் சவுக்கடி.

இந்த உத்தரவு உழவனின் வாசலுக்கு வந்து சேர்ந்த வழியைக் கவனிக்க வேண்டும். பெல்ஜியர்கள் நேரடியாக ஆளவில்லை. துட்சி இனத்திலிருந்து அமர்த்திய தலைவர்கள் வழியே ஆண்டார்கள். இன்ன குன்றில் இத்தனை மரம் என்ற இலக்கை நிறைவேற்றும் பொறுப்பு அந்தத் தலைவர்களுடையது. சாலை போடவும் கட்டடம் கட்டவும் கூலியில்லாமல் ஆட்களைத் திரட்டுவதும் அவர்கள் வேலைதான். தலைவரின் சொந்தக் காப்பிக்கும் அதே கட்டாய உழைப்பு போய்ச் சேர்ந்தது. இதே பத்தாண்டில்தான் ஒவ்வொருவரும் ஹுட்டு, துட்சி, ட்வா என்று இனம் குறித்த அடையாள அட்டையை வைத்திருக்க வேண்டும் என்று விதித்தார்கள். தலைவரும் ஏவப்பட்டவர்தான். ஆனால் களத்தில் உழவன் கண்ட முகம் அவருடையது. கேத்தரின் நியூபரி, கிவு ஏரியின் தென்கரையை ஆராய்ந்து 1988இல் வெளியிட்ட நூலில், இந்த ஏவல் முறை எப்படி நாட்டுப்புறத்துக் கசப்பை இன அடிப்படையில் உறைய வைத்தது என்பதை விரிவாகக் காட்டியிருக்கிறார். காப்பி வரலாற்றைப் படிக்கிற மாணவர்கள் அந்த நூலைத் தவறவிடக் கூடாது.

இங்கே கென்யாவை ஒரு கணம் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அதே கிழக்கு ஆப்பிரிக்க மேட்டுநிலம், அதே அராபிகா வகைக் காப்பி. அங்கே வெள்ளைக் குடியேறிகளுக்குத் தோட்டங்கள் இருந்தன. அதனால் ஆப்பிரிக்க உழவர்கள் காப்பி வளர்க்கவே தடை. 1930களின் நடுவில் ஒருசில மாவட்டங்களில் சோதனைக்கென்று சிறிது அனுமதித்தார்கள். 1954இல் ஸ்வின்னர்ட்டன் திட்டம் வந்த பிறகுதான் கதவு அகலமாகத் திறந்தது. ஓர் அரசு நடக்கூடாது என்றது. இன்னோர் அரசு நட்டே தீரவேண்டும் என்றது. இரண்டு இடத்திலும் உழவரை யாரும் கேட்கவில்லை. என் வாதத்துக்கு இந்த ஒற்றுமை அடிப்படையானது.

கட்டாயக் காப்பி ஒரு சிறு நிலத்தில் என்ன செய்யும் என்பதைக் கொஞ்சம் நின்று பார்ப்போம். அராபிகாவுக்கு வேர்ப்பகுதி ஈரமாக இருக்க வேண்டும். அதற்காக மரத்தடியில் புல்லும் வாழைச் சருகும் கனமாகப் பரப்ப வேண்டும் என்று நிர்வாகம் விதித்தது. வேளாண் முறையாகப் பார்த்தால் இது நல்ல அறிவுரை. சரிவில் மண் கரையாது, களை வராது. ஆனால் அந்தப் புல் எங்கிருந்து வரும்? மாடு மேயும் இடத்திலிருந்து. சருகு? அவரைக்கும் கிழங்குக்கும் உரமாகப் போயிருக்க வேண்டிய வாழைத் தோப்பிலிருந்து. ஆக, கால் ஏக்கர் காப்பி மீதி நிலத்தின் சத்தையும் உறிஞ்சிக்கொண்டது. பிற்காலத்தில் இன்னொரு விதியும் நின்றது: காப்பிக்கு இடையே ஊடுபயிர் கூடாது. அவரைக் கொடி ஏறிவிட்டால் தண்டனைக்கு இடம் உண்டு. புல் அறுத்துச் சுமந்து வந்தவர்களும், களை எடுத்தவர்களும், பழம் பறித்தவர்களும் பெரும்பாலும் பெண்கள். காப்பிப் பணமோ குடும்பத் தலைவன் கைக்குப் போயிற்று. அதில் ஒரு பகுதி தலைவரியாகத் திரும்ப அரசுக்கே சென்றது.

1962 ஜூலை 1ஆம் நாள் ருவாண்டா விடுதலை பெற்றது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பே துட்சி தலைவர்கள் வீழ்த்தப்பட்டு, ஹுட்டு அரசியல் தலைமை எழுந்துவிட்டது. காலனி ஆட்சி போயிற்று, மன்னராட்சி போயிற்று, தலைவர்கள் போனார்கள். காப்பி விதிகள் மட்டும் போகவில்லை. காப்பிக்கென்று ஓசிர் கஃபே என்ற அரசு வாரியம் வந்தது. ஏற்றுமதியில் பெரும்பங்கு ருவாண்டெக்ஸ் நிறுவனத்தின் கையில் இருந்தது. 1973இல் ஆட்சியைப் பிடித்த ஜுவெனால் ஹபியாரிமானாவின் காலத்திலும், காப்பி மரத்தைப் பராமரிக்காமல் விடுவதும் பிடுங்குவதும் சட்டப்படி குற்றம். உழவனுக்குத் தரும் விலையை அரசே அறிவித்தது. 1980களின் நடுவில் விளைச்சல் 40 ஆயிரம் டன்னைத் தாண்டியது. நாட்டின் ஏற்றுமதி வருவாயில் பாதிக்கும் மேல் இந்த ஒரு பயிரிலிருந்து வந்தது.

பெல்ஜியப் பொருளியலாளர் பிலிப் வெர்விம்ப் 2003இல் எழுதிய கட்டுரையில் இந்தக் காலத்தை ஒரு பேரமாக விளக்குகிறார். காப்பிக்கு ஓரளவு நல்ல விலை கொடுத்து உழவரின் ஒத்துழைப்பை ஆட்சி வாங்கிக்கொண்டது. கஜானா வற்றியதும் அந்த ஒத்துழைப்பை அடக்குமுறையால் பெற முனைந்தது என்பது அவர் முடிவு. ஒரு சர்வாதிகாரியின் மனத்தைச் சூத்திரத்தால் அளக்க முடியுமா என்ற தயக்கம் எனக்கு உண்டு. ஆனாலும் காப்பி விலை ஓர் ஆட்சியின் முதுகெலும்பாக இருந்தது என்ற அவர் கருத்தை மறுக்க இயலாது.

அந்த முதுகெலும்பு முறிந்தது லண்டனில். 1962இல் கையெழுத்தான சர்வதேசக் காப்பி ஒப்பந்தம், ஒவ்வொரு நாடும் எவ்வளவு ஏற்றுமதி செய்யலாம் என்று பங்கு பிரித்து விலையைத் தாங்கிப் பிடித்திருந்தது. 1989 ஜூலையில் லண்டன் கூட்டத்தில் பங்கீட்டு முறை கைவிடப்பட்டது. தேக்கி வைத்திருந்த சரக்கெல்லாம் சந்தையில் கொட்டியது. 1992 வாக்கில் உலகச் சராசரி விலை பவுண்டுக்கு ஐம்பது சென்ட் சொச்சத்துக்கு இறங்கிவிட்டது. இந்தியக் காப்பி விவசாயிகளும் அந்த அடியை வாங்கினார்கள். அதற்குப் பிந்தைய ஆண்டுகளில் நம் காப்பி வாரியத்தின் தொகுப்புக் கொள்முதல் படிப்படியாக விலக்கப்பட்டதும் அந்தக் கொந்தளிப்பின் தொடர்ச்சியே. ஆனால் குடகு விவசாயிக்கு மிளகு இருந்தது, ஆரஞ்சு இருந்தது, தன் நிலத்தை மாற்றிக்கொள்ளும் உரிமை இருந்தது. ருவாண்டா உழவனுக்கு இருந்தது சட்டம் காவல் நிற்கும் மரம். கிலோவுக்கு 125 பிராங்க் என்றிருந்த அரசு விலை 1990இல் 100 பிராங்க் ஆனது. அதே ஆண்டு அக்டோபரில் உகாண்டா எல்லையைத் தாண்டி ருவாண்டா தேசபக்த முன்னணி படையெடுத்து வந்தது. உள்நாட்டுப் போர் தொடங்கியது. நவம்பரில் நாணயத்தின் மதிப்பைக் குறைத்தார்கள். கடையில் வாங்கும் ஒவ்வொன்றும் விலை ஏறியது. அப்போதுதான், சட்டத்தையும் மீறி, உழவர்கள் மரத்தைப் பிடுங்கவும் ஊடே அவரை விதைக்கவும் தொடங்கினார்கள். அறுபது ஆண்டுகளுக்குப் பிறகு அவர்கள் தாமாக எடுத்த முதல் பெரிய முடிவு அது என்று நான் கருதுகிறேன்.

1994 ஏப்ரல் முதல் ஜூலை வரை அந்த நாட்டில் நடந்ததை இங்கே விவரிக்க நான் முற்படவில்லை. ஏறக்குறைய நூறு நாட்களில் எட்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள், மிகப் பெரும்பாலோர் துட்சிகள், கொல்லப்பட்டார்கள்; கொலைக்கு மறுத்த ஹுட்டுகளும் கொல்லப்பட்டார்கள். காப்பி விலை சரிந்ததால் இனப்படுகொலை நடந்தது என்று சிலர் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறார்கள். அதை நான் ஏற்கவில்லை. விலைச் சரிவு பல நாடுகளில் நேர்ந்தது; அங்கெல்லாம் பட்டியல் எழுதி, வானொலியில் ஏவி, அண்டை வீட்டாரைக் கொல்லவில்லை. அதைத் திட்டமிட்டவர்கள் இருந்தார்கள், பொறுப்பு அவர்களுடையது. காப்பியின் பங்கு, நாட்டுப்புறத்தை வறுமையிலும் அச்சத்திலும் தள்ளியதில் இருக்கிறது. அந்த அளவோடு சொல்வதே இறந்தவர்களுக்கு நாம் காட்டும் மரியாதை. மார்ச் முதல் ஜூலை வரை அங்கே காப்பி அறுவடைக் காலம். அந்த ஆண்டு பழங்கள் கிளையிலேயே கருகின. பறிக்க ஆளில்லை.

அதற்குப் பின் வந்த அரசு 1990களின் பிற்பகுதியில் ஏற்றுமதியை ஒரு சில கைகளிலிருந்து விடுவித்தது. நட்டே ஆகவேண்டும் என்ற கட்டாயமும் தளர்ந்தது. ஆனால் விடுதலை கிடைத்த காப்பிக்கு விலை இல்லை. வியட்நாமின் சரக்கு குவிந்து, 2001இல் உலக விலை மறுபடி பாதாளத்துக்குப் போயிருந்தது. ருவாண்டா காப்பிக்கோ சந்தையில் பெயரே கிடையாது. உழவர்கள் பழத்தைக் கையாலோ கல்லாலோ தோல் உரித்து, கிடைத்த நீரில் அலசி, மண் தரையிலோ பாயிலோ காயவைத்து, தரகரிடம் அளந்துவிடுவார்கள். ஒரு வீட்டில் நன்றாகப் புளித்தது, இன்னொரு வீட்டில் அழுகியது, மூன்றாவது வீட்டில் பூஞ்சை பிடித்தது எல்லாம் ஒரே மூட்டைக்குள் போகும். இவ்வளவு உயரத்தில், எரிமலை மண்ணில், போர்பன் என்ற அருமையான பழைய ரகத்தில் விளைந்த காப்பி, மலிவுக் கலவைக்கு நிரப்பியாகப் போய்க்கொண்டிருந்தது.

திருப்பம் தெற்கே, புட்டாரே நகருக்கு அருகில், மராபா என்ற இடத்தில் தொடங்கியது. 1999இல் இருநூறு சொச்சம் உழவர்கள் சேர்ந்து அபாஹுசமுகாம்பி என்ற கூட்டுறவை அமைத்தார்கள். படுகொலையில் கணவரையும் பிள்ளைகளையும் இழந்த பெண்கள் அதில் ஏராளம். அமெரிக்க அரசின் உதவி நிதியோடு மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகமும் டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகமும் ருவாண்டா தேசியப் பல்கலைக்கழகமும் சேர்ந்து நடத்திய பெர்ல் என்ற திட்டம் இவர்களைத் தேடி வந்தது. டிம் ஷில்லிங் என்பவர் அதன் இயக்குநர். 2001 ஜூலையில் மராபாவில் பழம் கழுவும் நிலையம் இயங்கத் தொடங்கியது.

கழுவு நிலையம் என்பது பெரிய ஆலை அல்ல. சரிவில் படிப்படியாக இறங்கும் சிமெண்டுத் தொட்டிகள், மேலே பழத்தின் தோலை நீக்கும் ஒரு பல்ப்பர், மலை ஊற்றிலிருந்து வரும் குழாய், கீழே இடுப்புயரத்தில் வரிசையாக வலைக் கட்டில்கள். இவ்வளவுதான். ஏற்காட்டிலோ தாண்டிக்குடியிலோ காப்பி வைத்திருப்பவர்களுக்கு இதில் புதிதாக ஒன்றும் தோன்றாது. ஆனால் அதன் ஒழுங்கு கடுமையானது. நன்கு சிவந்த பழத்தை மட்டும் பறிக்க வேண்டும். பறித்த அன்றே, சில மணி நேரத்துக்குள், நிலையத்துக்கு வந்தாக வேண்டும். நீரில் மிதக்கும் பொக்குப் பழங்களை ஒதுக்கி, தோல் நீக்கி, வழவழப்பு நீங்கும்வரை இரவு முழுதும் நொதிக்க விட்டு, விடியலில் கழுவி, கட்டிலில் பரப்ப வேண்டும். இரண்டு மூன்று வாரம் காயும் வரை பெண்கள் கட்டிலின் இருபுறமும் நின்று பழுதான கொட்டைகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி எடுப்பார்கள். ஒரு கிலோ ஏற்றுமதிக் காப்பிக்கு ஆறு முதல் ஏழு கிலோ பழம் வேண்டும்.

சில மணி நேரத்துக்குள் என்றேனே, அது மலைப்பாதையில் எளிதல்ல. தலைச்சுமையாக நடந்தால் பழம் வழியிலேயே புளிக்கும். மலைச் சைக்கிளின் முன்னோடிகளில் ஒருவரான டாம் ரிச்சி அந்தச் சிக்கலைப் பார்த்து, பின்பக்கம் நீண்ட, மூட்டை ஏற்றத் தோதான ஒரு சைக்கிளை ருவாண்டாவுக்கென்று வடிவமைத்தார். உழவர்கள் அதைத் தவணையில் வாங்கினார்கள். காப்பியின் சுவையை உயர்த்தியவற்றில் அந்தச் சைக்கிளுக்கும் ஒரு பங்கு உண்டு. ஏற்றுமதி அறிக்கைகளில் அதற்கு இடம் இருப்பதில்லை.

மராபா காப்பியை 2002இல் அமெரிக்காவின் லூசியானாவைச் சேர்ந்த ஒரு வறுப்பாளர் நிறுவனம் வாங்கியது. அடுத்த ஆண்டு பிரிட்டனின் பேரங்காடிகளில் அது சொந்தப் பெயரோடு விற்பனைக்கு வந்தது. இதைப் பார்த்து ஊருக்கு ஊர் நிலையங்கள் எழுந்தன. புத்தாயிரத் தொடக்கத்தில் விரல்விட்டு எண்ணும் அளவில் இருந்தவை பிற்பாடு முந்நூறை எட்டின. 2008இல் ‘கப் ஆஃப் எக்ஸலன்ஸ்’ என்ற உலகத் தரப்போட்டியும் ஏலமும் ஆப்பிரிக்காவிலேயே முதன்முறையாக ருவாண்டாவில் நடந்தது.

இந்த வெற்றியில் என்னை மிகவும் ஈர்ப்பது விலை அல்ல. பெர்ல் திட்டத்தார் உழவர் வீட்டுப் பிள்ளைகளுக்குச் சுவைத்துத் தரம் பிரிக்கும் பயிற்சி கொடுத்தார்கள். பரம்பரையாகக் காப்பி வளர்த்த குடும்பங்களில் பலர் அதுவரை தம் காப்பியைக் குடித்ததே இல்லை. நாட்டுப்புறத்தில் குடிப்பது பாலும் வாழைக்கள்ளும் சோளக்கள்ளும் தேநீரும்தான். விளைவதில் ஏறக்குறைய முழுதும் கப்பலேறுகிறது. தான் விற்கும் பொருள் எதற்காக மதிக்கப்படுகிறது என்று தெரியாமல் பேரம் பேச முடியாது. என் சரக்கில் இந்தக் குணம் இருக்கிறது, இந்தக் குறை இருக்கிறது என்று வாங்க வந்தவரிடம் சொல்லத் தெரிந்த முதல் தலைமுறை அந்த மலைகளில் அப்போதுதான் உருவானது.

கழுவு நிலையத்தில் இன்னொன்றும் நடந்தது. கட்டிலின் ஒரு பக்கம் படுகொலையில் விதவையான பெண். எதிர்ப்பக்கம் கணவன் அதே குற்றத்துக்காகச் சிறையில் இருக்கும் பெண். நாள் முழுக்க ஒரே கொட்டைக் குவியலில் கை வைத்து வேலை. கேரல் பூட்ரோ, யூட்டா டோபியாஸ் என்ற இரு ஆய்வாளர்கள் நிலையங்களில் வேலை செய்வோரைச் சந்தித்து ஆராய்ந்தார்கள். பொருளாதார நிறைவும் மற்ற இனத்தாரோடு அன்றாடப் பழக்கமும் கூடியிருந்தவர்களிடம் அவநம்பிக்கை குறைந்தும், சமரசத்தில் நாட்டம் மிகுந்தும் இருந்தன என்று கண்டார்கள். இதைப் பெரிதாக்கிக் காப்பி ஒரு தேசத்தைக் குணப்படுத்தியது என்று விளம்பரம் எழுதியவர்களும் உண்டு. அந்தப் பெண்கள் தம் துயரைப் பொட்டலத்தின் மேல் அச்சிட ஒப்புக்கொண்டார்களா என்று யாரேனும் கேட்டிருக்க வேண்டும். மன்னிப்பு காப்பியிலிருந்து விளையாது. இருந்தாலும், மறுபடி பேசியே தீரவேண்டிய ஒரு பொது இடம் அமைந்ததும், அங்கே கூலி கிடைத்ததும் சிறிய செய்தி அல்ல என்றே நினைக்கிறேன்.

தொல்லைகளும் சேர்ந்தே வந்தன. ருவாண்டா, புருண்டி காப்பியில் உருளைக்கிழங்கு நாற்றம் என்று ஒரு குறை உண்டு. வறுத்து அரைக்கும்போது பச்சைக் கிழங்கைத் தோலுரித்தது போன்ற வாடை எழும். ஒரே ஒரு கொட்டை போதும், அந்தக் கோப்பை போயிற்று. கொட்டையை வெளியிலிருந்து பார்த்துக் கண்டுபிடிப்பது மிகக் கடினம். ஆன்டெஸ்டியா என்ற நாவாய்ப்பூச்சி பழத்தைத் துளைப்பதோடு இது தொடர்புடையது. துளை வழியே நுழையும் பாக்டீரியாவையும் ஆராய்ந்திருக்கிறார்கள். மரத்தைக் கவாத்து செய்வதும், பூச்சி துளைத்த பழத்தைத் தோலுரிக்கும் முன்பே பொறுக்குவதும்தான் இப்போதைக்குக் கைகொடுக்கின்றன. அதாவது, மறுபடியும் உழவரின் உழைப்பு, பெண்களின் விரல்கள்.

2016இல் அரசு மண்டல முறையைக் கொண்டுவந்தது. ஒவ்வொரு கழுவு நிலையத்துக்கும் எல்லை வகுத்து, அந்த எல்லைக்குள் உள்ள உழவர் அந்த நிலையத்துக்கே பழத்தை விற்க வேண்டும் என்றது. தரகர்களை ஒழிக்கலாம், எந்தக் குன்றின் காப்பி என்று தடம் பிடிக்கலாம், நிலையங்கள் உழவர்களுக்கு உரமும் பயிற்சியும் தர முன்வரும் என்பவை சொல்லப்பட்ட காரணங்கள். காரணங்களில் நேர்மை இல்லாமல் இல்லை. ஆனால் தன் மண்டலத்து நிலையம் எடையில் குறைத்தாலும், பணம் தர மாதக்கணக்கில் இழுத்தடித்தாலும், அடுத்த குன்றுக்குப் பழத்தைக் கொண்டுபோகும் உரிமை உழவருக்கு இருக்கவில்லை. முன்பு பிடுங்கக் கூடாது என்றார்கள். பின்பு வேறிடத்தில் விற்கக் கூடாது என்றார்கள். நல்ல நோக்கத்தோடு வந்தாலும் பழைய கை அதுவே. 2023இல் அந்த முறை விலக்கப்பட்டதை, அந்த நாட்டு வேளாண் கொள்கையின் அண்மைக்கால முடிவுகளில் மிக நல்லதாக நான் மதிக்கிறேன்.

குறைந்தபட்ச விலையை அரசின் ஏற்றுமதி வாரியம் இன்றும் ஒவ்வொரு பருவத்துக்கும் அறிவிக்கிறது. இதில் ஒரு பாடம் உண்டு. மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகத்தார் ருவாண்டா ஆய்வாளர்களோடு சேர்ந்து 2010களின் நடுவில் உழவர்களின் உற்பத்திச் செலவை வீடு வீடாகக் கணக்கிட்டபோது, விலை நிர்ணயத்துக்குப் பயன்பட்ட மதிப்பீட்டைவிட உண்மைச் செலவு வெகுவாகக் கூடுதல் என்று தெரிந்தது. முக்கிய இடைவெளி, குடும்பத்தாரின் உழைப்பு. வீட்டுப் பெண் புல் சுமந்த நாட்களை யாரும் சரிவரக் கணக்கில் சேர்த்திருக்கவில்லை. அதன் பிறகு குறைந்தபட்ச விலை மெல்ல உயர்ந்து, 2025 பருவத்துக்குக் கிலோ பழத்துக்கு 600 பிராங்க் ஆனது.

அந்த 600 பிராங்கை விரித்துப் பார்ப்போம். ஒரு கிலோ காப்பிக்கொட்டைக்கு ஆறரைக் கிலோ பழம் என்றால் 3,900 பிராங்க், ஏறக்குறைய 2.80 டாலர். அந்த ஆண்டு பிப்ரவரியில் நியூயார்க் சந்தையில் அராபிகா பவுண்டுக்கு நான்கு டாலரைத் தாண்டியது. கிலோவுக்கு ஏறத்தாழ 8.80 டாலர். குறைந்தபட்ச விலையில் விற்ற உழவருக்கு அதில் மூன்றில் ஒரு பங்கு. கழுவும் செலவு, அரைவை, கடலில்லாத நாட்டிலிருந்து மொம்பாசாவுக்கோ தார் எஸ் சலாமுக்கோ ஆயிரத்து நானூறு கிலோமீட்டருக்கு மேல் லாரி வாடகை எல்லாம் இடையில் இருக்கின்றன; மறுக்கவில்லை. உழவர் பக்கத்திலிருந்தும் பாருங்கள். இருநூறு மரம், மரத்துக்கு இரண்டு கிலோ பழம் என்று வைத்தால் ஆண்டு வருமானம் 2,40,000 பிராங்க். நம் பணத்தில் பதினைந்தாயிரம் ரூபாயை ஒட்டி வரும். உலகக் காப்பி விலை உச்சம் தொட்ட ஆண்டின் கணக்கு இது. நிலையங்களுக்குள் போட்டி இருந்தால் அவர் இதைவிடக் கூடுதலாகக் கேட்க முடியும். மண்டல முறை நீங்கியதை நான் இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இதுவே.

இப்போது முன்னால் நிற்கும் கேள்வி மரங்களின் வயது. நாட்டின் காப்பி மரங்களில் கிட்டத்தட்ட நான்கில் ஒன்று முப்பது ஆண்டைத் தாண்டியது. படுகொலைக்கு முன், கட்டாயக் காலத்தில் நட்டவை அவை. காய்ப்பு குறைந்துவிட்டது. வெப்பம் கூடக் கூட இலைத்துரு நோய் மேலேறி வருகிறது. 1869இல் இலங்கையில் தலைகாட்டி, தமிழ்க் கூலிகள் காடழித்து உருவாக்கிய காப்பித் தோட்டங்களை இருபதாண்டுக்குள் அழித்துத் தேயிலைக்கு வழிவிட்ட அதே நோய். அதைத் தாங்கும் ரகங்களை ருவாண்டா வேளாண் வாரியம் வெளியிட்டிருக்கிறது. நாற்றங்காலும் இலவச நாற்றும் உண்டு. ஆனால் பழைய மரத்தை வெட்டிப் புதியதை நட்டால் மூன்று ஆண்டு, சில சமயம் நான்கு ஆண்டு, அந்தத் துண்டு நிலத்திலிருந்து காசு வராது. அந்த இடைக்காலத்தில் அங்கே அவரை விதைக்கலாம். ஊடுபயிர் இன்று குற்றமில்லை. அல்லது காப்பியையே விட்டுவிட்டு ஆனைக்கொய்யாவோ உருளைக்கிழங்கோ வைக்கலாம்.

தலைநகர் கிகாலியில் இருக்கும் அதிகாரிகளுக்கு இது கவலை தருகிறது. பரப்பு குறைந்தால் அந்நியச் செலாவணி குறையும் என்கிறார்கள். கவலை நியாயமானது. பரப்பைக் காக்க மீண்டும் இலக்கும் தண்டமும் என்று இறங்காமல், மறுநடவு செய்யும் குடும்பத்துக்கு அந்த மூன்று ஆண்டுக்கான வருமானத்தில் ஒரு பகுதியையேனும் ஏற்றுமதி வரவிலிருந்து கொடுக்க வேண்டும். நிலப்பட்டாவில் கணவனோடு பெயர் சேர்ந்திருக்கும் மனைவியின் கையிலும் அந்தப் பணம் சேர வேண்டும். இது என் கோரிக்கை. இந்த அரங்கில் வேளாண் பொருளியல் பயிலும் மாணவர்கள் இருக்கிறீர்கள். மறுநடவு ஆய்வுகளில் எத்தனை லட்சம் நாற்று வழங்கப்பட்டது என்ற கணக்கு கிடைக்கும். வழங்கிய நாற்றை வேண்டாம் என்று சொன்ன குடும்பங்கள் எத்தனை, ஏன் சொன்னார்கள் என்று விசாரித்து எழுதுங்கள். ருவாண்டாவுக்கும் அது வேண்டும்; நம் சேர்வராயன் மலைக்கும் பழனி மலைக்கும் வேண்டும்.